நாய்க்கு ஒரு குரல், நமக்கு ஒரு குரல்

அவள் பெயரை எழுத மாட்டேன். மரியாதைக்காக என்று நினைத்துவிடாதீர்கள், பயம்தான். கோலா தெர்லா பக்கம் மகன் வீட்டில் இன்னும் திடமாக இருக்கிறாள் என்று கேள்வி. யாராவது இதை வாசித்துக் காட்டி, அவள் பஸ் ஏறி வந்து என் வாசலில் நின்றால், இந்த வயதில் என்னால் ஓட முடியாது. 'அவர்' என்று எழுதினால் "என்னண்ணே, நக்கலா?" என்பாள். 'அவள்' என்று எழுதினால் "நாலு எழுத்து எழுதத் தெரிஞ்சதும் மரியாதை போயிடுச்சா?" என்பாள். எப்படி எழுதினாலும் வாங்கப்போவது ஒன்றுதான் என்பதால், எனக்குக் கை வந்தபடி எழுதுகிறேன்.

எழுபதுகளின் கடைசி வருஷங்கள். கேமரன் மலையில் ஒரு தேயிலைத் தோட்டத்தில் நான் லோரி ஓட்டிக்கொண்டிருந்தேன். சரிவில் பறித்த கொழுந்தை மூட்டை மூட்டையாக ஏற்றிப் போய் ஃபேக்டரியில் இறக்குவது வேலை. அவள் கொழுந்து பறிக்கிறவள். தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தில் எங்களுக்கு அடுத்த வீடு. நடுவில் ஒரு பலகைச் சுவர். அந்தப் பலகை சும்மா ஒரு சம்பிரதாயம். அவள் வீட்டில் பேசுவது எங்கள் வீட்டில் கேட்கும், எங்கள் வீட்டில் என் மனைவி என்னைப் பேசுவது அவள் வீட்டில் கேட்கும். என்னைவிட நாலைந்து வயது சின்னவள். யாரைத் திட்டினாலும் 'அண்ணே' என்று முறையாக ஆரம்பித்துத்தான் திட்டுவாள். அவள் வாயிலிருந்து அந்த 'அண்ணே' வந்ததும், பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர்கள் தங்கள் மேல் தெறிக்காமல் இருக்கக் கொஞ்சம் தள்ளி உட்காருவார்கள்.

ஒரு முறை எங்கள் மண்டோர், அதாவது பறிக்கிறவர்களை மேய்க்கிறவர், அவள் நிரையில் நின்றுகொண்டு கொழுந்து போதவில்லை என்று மலை அதிரக் கத்தினார். அவள் நிமிரக்கூட இல்லை. "மண்டோரண்ணே, நீங்க கத்தறதுல பாதி அந்தச் செடி காதுல விழுந்திருந்தாக்கூட, அதுவே கொழுந்தக் கழட்டிக் கூடையில போட்டிருக்கும்லா. பாவம், செடிக்குக் காது இல்ல. எனக்கு இருக்கு, என்ன பண்றது." குழாயடியில் தண்ணீருக்கு முந்திய ஒருத்தியிடம், "நீ வாயத் தொறந்து வச்சிருந்தா போதும்டி, ரிங்லெட்ல டேமே கட்டியிருக்க வேணாம், அவ்வளவு தண்ணியும் அதுலயே நின்னிருக்கும்" என்றாள். அந்தப் பெண் அதற்குப் பிறகு மழைத்தண்ணீர் பிடித்துக் குளித்ததாகக் கேள்வி.

இது மனுஷர்களுக்கான குரல்.

அவளிடம் இன்னொரு குரலும் இருந்தது. அதை அவள் நாய், பூனை, ஆடு, கோழி இவற்றிடம் மட்டும் செலவு செய்வாள். மழை விட்ட பிறகு தகரக் கூரை விளிம்பிலிருந்து நின்று நின்று சொட்டுமே, அப்படி இருக்கும். "வாங்க... வாங்க ராசா... ஒன்னுமில்ல... யாரு உங்கள என்ன பண்ணிடப் போறா... ஒன்னுமில்ல..." எங்கள் யாருக்கும் வாய்க்காத 'வாங்க' தெருவில் சொறி பிடித்துத் திரிந்த நாய்களுக்கு வாய்த்தது. நாங்கள் நாய்களைப் பொறாமையோடு பார்த்த தோட்டம் இந்த மலையிலேயே அது ஒன்றாகத்தான் இருக்கும்.

அவள் ஒரு நாயிடம் போகும் விதமே தனி. நேராகப் போக மாட்டாள். கண்ணைப் பார்க்க மாட்டாள். தூரத்திலேயே பக்கவாட்டில் உட்கார்ந்து, காசு கொடுத்து மலை பார்க்க வந்த சுற்றுலாக்காரி மாதிரி எதிர்மலையைப் பார்த்துக்கொண்டிருப்பாள். மடியில் ரிங்லெட் டவுனில் முஸ்லிம் நானா கடையில் வாங்கின நெத்திலிக் கருவாடு இருக்கும். ஒன்றை எடுத்து, கை தவறி விழுந்த மாதிரி போடுவாள். நாய் உறுமும். அவள் மலை பார்ப்பாள். நாய் யோசிக்கும். இன்னொரு நெத்திலி கை தவறும். அன்றைக்கு அவ்வளவுதான், எழுந்து போய்விடுவாள். நாலு நாள் கழித்துப் பார்த்தால் அந்த நாய் அவள் காலடியில் மல்லாந்து வயிற்றைக் காட்டிக்கொண்டிருக்கும்.

அந்தக் குரலின் அருமையை முதலில் கண்டுபிடித்தவர் அவள் புருஷன்தான். ஃபேக்டரியில் வறுக்கிற மெஷினில் வேலை செய்த சாது. மெஷினின் இரைச்சல்தான் தனக்கு ஓய்வு என்று சொல்லிக்கொண்டு திரிவார். அவருக்கு ஏதாவது வேண்டுமென்றால் அவள் மடியில் பூனை ஏறும்வரை காத்திருப்பார். பூனை ஏறி, அவள் தடவ ஆரம்பித்து, குரல் இறங்கியதும் மெதுவாகப் பக்கத்தில் போய், "ஞாயித்துக்கெழம தாப்பாவுல பந்து மேட்ச் இருக்கு, போயிட்டு வரவா?" என்பார். அவளும் பூனையைத் தடவிய வாக்கிலேயே, "போங்க... போயிட்டு வாங்க ராசா... பத்திரமாப் போங்க..." என்பாள். பூனை இறங்கியதும்தான் தான் என்ன சொன்னோம் என்று அவளுக்குப் புரியும். அதற்குள் அவர் சட்டை மாட்டிக்கொண்டு பாதி மலை இறங்கியிருப்பார். இந்த ரகசியம் லயத்தில் பரவிய பிறகு, அவளிடம் ஏதாவது கேட்டு வரும் பெண்கள் அக்குளில் ஒரு கோழியோடு வர ஆரம்பித்தார்கள்.

அதற்காக அவளை மந்திரக்காரி என்று நினைத்துவிடாதீர்கள். கியா பார்ம் பக்கம் ஒரு சீனத் தவுக்கேயின், அதாவது முதலாளியின், முட்டைக்கோஸ் தோட்டத்தில் ஒரு ஆண் வாத்து இருந்தது. பெரிய ரகம், கழுத்து நீட்டினால் இடுப்பு உயரம் வரும். காய் வாங்க வந்தவர்களை எல்லாம் துரத்தித் துரத்திக் கடித்ததில் தவுக்கேக்கு வியாபாரம் படுத்துவிட்டது. இவளைக் கூப்பிட்டுவிட்டார். நான்தான் லோரியில் கொண்டுபோய் இறக்கினேன். அவள் முறைப்படி பக்கவாட்டில் உட்கார்ந்தாள், மலை பார்த்தாள், நெத்திலி போட்டாள், "ஒன்னுமில்ல ராசா" என்றாள். வாத்து நெத்திலியைத் தின்றது, பிறகு அவளைக் கடித்தது. மறு வாரமும் அப்படியே. அதற்கடுத்த வாரம் அது அவள் முந்தானையைப் பிடித்து இழுத்ததும் அவளுக்குப் பொறுக்கவில்லை. எழுந்து நின்று, குழாயடிக் குரலில், "ஏன்டா தடியா, ஓசிச் சோறு தின்னுட்டு வாயப் பாரு வாய, உன் கழுத்தத் திருகி ஊறுகா போட்டுருவேன்!" என்று ஒரு சத்தம். வாத்து அப்படியே உட்கார்ந்துவிட்டது. அதற்குப் பிறகு அது யாரையும் கடித்ததாகச் செய்தி இல்லை.

திரும்பி வரும்போது லோரியில் அவள் முகம் வாடியிருந்தது. "அது மட்டும் ஏன் தங்கச்சி அப்படி?" என்று கேட்டேன்.

"அது மனுஷ ஜாதிண்ணே" என்றாள்.

இப்போது என் நாயிடம் வருகிறேன். கறுப்பு நிறம், ஒரு காது மடங்கி ஒரு காது நிமிர்ந்திருக்கும். போலீஸ் சார்ஜன் மாதிரி மிடுக்காக இருக்கட்டும் என்று சார்ஜன் என்றே பெயர் வைத்தேன். அந்தக் காலத்தில் லயத்தில் ஒரு கணக்கு உண்டு. கடிக்காத நாய் இருக்கிற வீட்டில் ஆம்பளை இல்லை. அதனால் எல்லோரும் நாய்க்குப் பயிற்சி கொடுத்தோம். கழுத்தை அசைக்க முடியாத குட்டைச் சங்கிலி, சோற்றில் நசுக்கின ஊசிமிளகாய், எதிரே நின்று கொம்பால் தரையை அடிப்பது. பாடத்திட்டம் இவ்வளவுதான். சார்ஜன் எல்லாப் பாடத்திலும் முதலாவதாகத் தேறினான். நானும் மார்பை நிமிர்த்திக்கொண்டு நடந்தேன். என் மனைவி மட்டும், "வீட்டுக்கு ஒரு ஆம்பள வேணும்னு நாய் வளர்த்த ஆளு நீங்க ஒருத்தர்தான்" என்றாள்.

அந்தச் சமயத்தில்தான் கையால் கிள்ளுவதை விட்டுக் கத்திரியால் கொழுந்து வெட்டும் பழக்கம் எங்கள் தோட்டத்துக்கு வந்தது. இரண்டு கையாலும் பிடிக்கிற பெரிய கத்திரி. வெட்டின கொழுந்து விழ அதிலேயே ஒரு தட்டு. காலையில் பெண்கள் லயத்து வழியாகப் போகும்போது சும்மா போக மாட்டார்கள், 'டக் டக்' என்று கத்திரியைத் திறந்து மூடிக்கொண்டே போவார்கள். அந்தச் சத்தம் சார்ஜனுக்கு ஆகவில்லை. தரையைக் கொம்பால் அடித்து வளர்த்த நாயல்லவா, டக் என்றாலே தனக்குத்தான் அடி என்று முடிவு செய்துவிடுவான். முதலில் குரைத்தான். பிறகு கூடையைக் கடித்தான். பிறகு பூட்ஸைக் கடித்தான். நான், "என்ன வீரம் பாத்தீங்களா!" என்று சிரித்துக்கொண்டிருந்தேன்.

ஒரு நாள் அவனை லோரியில் ஏற்றிக்கொண்டு நிறுவைக் கொட்டகைக்குப் போனேன். ஆபீசில் கணக்கு எழுதும் கிராணி, வெள்ளைக் கால்சட்டை போட்டவர், புதிதாக வந்த கத்திரி ஒன்றைக் கையிலெடுத்துச் சோதித்துப் பார்த்தார். 'டக்.' இரண்டாவது டக் வரும் முன் சார்ஜன் லோரியிலிருந்து பறந்தான். கிராணி திரும்பி ஓடினார். திரும்பி ஓடுகிறவருக்கு எங்கே கடி விழும் என்று சொல்ல வேண்டியதில்லை. கொஞ்ச நாள் அவர் நின்றுகொண்டே கணக்கு எழுதினார்.

துரை கூப்பிட்டனுப்பினார். வெள்ளைக்காரத் துரைகள் போய் நம்ம நிறத்தில் துரை வந்திருந்த காலம். நிறம் மாறினாலும் அரைக்கால் சட்டையும் காட்டுப்பன்றி சுடும் துப்பாக்கியும் பங்களாவோடு சேர்ந்தே கைமாறியிருந்தன. கிராணி, "இன்னிக்கே சுடணும் சார்" என்றார். நான் காலில் விழுந்தேன். எனக்கு அந்தப் பழக்கம் இல்லாததால் துரையின் நாற்காலிக் காலில் விழுந்துவிட்டேன். துரைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதுதான் சார்ஜனைக் காப்பாற்றியது, தற்காலிகமாக.

"தீபாவளி முடிஞ்சு மொத நிறுவை" என்றார் துரை. "நான் அங்க இருப்பேன். சங்கிலி இல்லாம உன் நாயக் கொண்டு வா. எல்லாரும் கத்திரியோட நிப்பாங்க. யாரையும் கடிக்கலன்னா வச்சிக்க. ஒரு ஆளக் கடிச்சாலும் அங்கயே சுட்டுருவேன். சரியா?"

சரி என்று சொல்லிவிட்டு வந்தேன். வீட்டுக்கு வந்து சார்ஜனைப் பார்த்தேன். வாலாட்டினான். என் ஜோக்குக்கு வாலாட்டின ஒரே ஜீவன் அவன்தான். மனைவிக்கு வால் இல்லை, இருந்திருந்தாலும் ஆட்டியிருக்க மாட்டாள். அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை.

மறுநாளே நானே அவனைத் திருத்த ஆரம்பித்தேன். எனக்குத் தெரிந்த வழி ஒன்றுதான். கொம்பை எடுத்து, "கடிப்பியா? இனிமே கடிப்பியா?" என்று கத்தினேன். அவன் கொம்பைக் கடித்தான். இன்னும் கத்தினேன். பலகைக்கு அந்தப் பக்கத்திலிருந்து குரல் வந்தது.

"அண்ணே, நாயத் திருத்துறீங்களா, இல்ல ரிங்லெட் வரைக்கும் பாடம் எடுக்கிறீங்களா?"

அவளே வந்துவிட்டாள். சங்கிலியைத் தூக்கிப் பார்த்தாள். "இது என்னண்ணே, நாய்க்குச் சங்கிலியா, மூக்குத்தியா?"

"நீளமா விட்டா கடிக்குமே தங்கச்சி."

"ஓட எடம் இல்லாததுதான் கடிக்கும். உங்களத் தூணுல கட்டிப்போட்டு எதிர்ல உங்க மாமியாரக் கொண்டாந்து நிறுத்தினா நீங்க என்ன பண்ணுவீங்க?"

உள்ளே என் மனைவி இருமினாள்.

"அந்தக் கொம்ப அடுப்புல வைங்க. மொளகாய நீங்க சாப்பிடுங்க. நாய எங்கிட்ட விடுங்க."

அன்றைக்குச் சாயங்காலமே வேலை ஆரம்பித்தது. லயத்துக்குப் பின்னால் எங்கள் கீரைப் பாத்தியின் ஒரு கோடியில் சார்ஜன், நீளமான கயிற்றில். மறு கோடியில் அவள், எதிர்மலையைப் பார்த்துக்கொண்டு. கத்திரியை ஒரு துண்டில் சுற்றி வைத்திருந்தாள். துண்டுக்குள்ளேயே ஒரு முறை மூடுவாள். 'தொப்' என்று ஒரு சின்னச் சத்தம். சார்ஜன் காதைத் தூக்குவான். அவன் குரைக்க யோசிப்பதற்குள் ஒரு நெத்திலி வந்து விழும். தொப், நெத்திலி. தொப், நெத்திலி. குரைத்துவிட்டால் அவள் திட்ட மாட்டாள். "கிட்ட வந்துட்டேனா ராசா? தப்பு என்மேலதான்..." என்று சொல்லி இரண்டடி பின்னால் நகர்ந்துகொள்வாள். என் கல்யாணமாகி அன்றுவரை யாரும் எனக்காக இரண்டடி பின்னால் நகர்ந்ததில்லை.

எனக்குப் பொறுமை இல்லை. தீபாவளி வந்துகொண்டிருந்தது. "இன்னும் கொஞ்சம் கிட்டப் போலாம்லா, துண்ட எடுத்துரலாம்லா" என்று நச்சரித்தேன்.

"நீங்க மொத நாளே லோரிய டாப் கியர்ல போட்டுத்தான் கௌப்பினீங்களாண்ணே?"

உண்மையில் அப்படித்தான் கிளப்பிக் கோயில் வேலியில் விட்டேன்.

அவள் ஒரு நாள் ஓவர்டைமில் மாட்டிக்கொண்டாள். நான் அவள் வேலையைச் சுருக்கிக் கொடுக்கலாம் என்று, துண்டில்லாத கத்திரியை எடுத்துக்கொண்டு சார்ஜன் மூக்குக்கு நேராகப் போய், 'டக் டக் டக்' என்று அடித்து, "பாரு, ஒன்னுமில்ல! ஒன்னுமில்லன்னு சொல்றேன்ல!" என்று கத்தினேன். அவன் வீட்டுக்கு அடியில் புகுந்தவன் மறுநாள் வரை வெளியே வரவில்லை. அவள் அத்தனை நாள் பட்ட பாடு போயிற்று. விஷயம் தெரிந்ததும் அவள் என்னை 'அண்ணே' என்றாள். அதற்குப் பிறகு சொன்னதை எழுத முடியாது, அச்சுக்கூடத்தில் எழுத்து சூடாகிவிடும். கடைசியாக, "நீங்க அந்த வேலிக்கு அந்தாண்ட நில்லுங்க. உங்களத் தனியாத்தான் பழக்கணும். இப்ப அதுக்கு நேரமில்ல" என்று முடித்தாள்.

நான் வேலிக்கு அந்தாண்ட நின்றேன். அவள் முதலிலிருந்து ஆரம்பித்தாள். துண்டு போயிற்று. தூரம் குறைந்தது. பிறகு மற்றப் பெண்களை ஒவ்வொருத்தியாக வரவழைத்தாள். இடுப்பில் சலசலக்கும் பிளாஸ்டிக் விரிப்பு, முதுகில் கூடை, கையில் கத்திரி, மடியில் நெத்திலி. "பாக்காதீங்கடி, சிரிக்காதீங்கடி, டக்குன்னு ஒரு தட்டு, மீனப் போடு, போயிட்டே இரு." கொழுந்து பறிக்கிற கூட்டமே கருவாட்டு வாசம் அடித்தது. மண்டோர் கவலைப்பட்டார். "துரை டீயக் குடிச்சிட்டு மீன் வாசம் அடிக்குதேன்னு கேட்டா நான் என்னம்மா சொல்றது?"

"புது ரகம்னு சொல்லுங்கண்ணே. வெலையக்கூட ஏத்தலாம்."

கிராணி மட்டும் வர மறுத்தார். "நாய்க்கு மீன் போடவா நான் இங்கிலீஷ் படிச்சேன்?" என்று கேட்டனுப்பினார். இத்தனை பேருக்கும் அவனைப் பழக்கியாயிற்று, ஏற்கெனவே கடித்த ஆளுக்குப் பழக்கவில்லை.

தீபாவளி வந்து போனது. நான் என்ன பலகாரம் தின்றேன் என்று நினைவில்லை.

நிறுவை நாள். லேண்ட்ரோவர் மேல் சாய்ந்தபடி துரை, கைக்கெட்டும் தூரத்தில் துப்பாக்கி. தராசுக்குப் பக்கத்தில் அவள். அவள் காலடியில் சார்ஜன், கழுத்தில் ஒரு நூல்கூட இல்லாமல். எனக்கு லோரிப் பக்கம் நிற்கும்படி உத்தரவு. துரை தலையசைத்தார். அத்தனை கத்திரியும் ஒன்றாக மூடித் திறந்தன. டக் டக் டக் டக். சார்ஜன் எழுந்தான். காது நிமிர்ந்தது. வாயில் எச்சில் ஒழுகியது. ஒவ்வொருத்தி மடியாகப் போய், முகூர்த்த வீட்டில் தாம்பூலத்துக்கு நிற்கிறவன் மாதிரி நின்றான். கொட்டகையே சிரித்தது. துரையும் சிரித்தார். சிரித்துவிட்டு, "கிராணி, நடங்க" என்றார்.

கிராணி விரித்த குடையை முன்னால் நீட்டிக்கொண்டு வந்தார், யுத்தத்துக்குப் போகிறவர் மாதிரி. சார்ஜன் முதுகில் மயிர் எழும்பியது. தொண்டைக்குள் ஒரு உறுமல். துரையின் கை துப்பாக்கிப் பக்கம் போனது. அவள் யாரையும் பார்க்காமல், அந்த இன்னொரு குரலில் பேசினாள்.

"கிராணியய்யா... கொடைய மடக்கிக்கிங்க... ஒன்னுமில்ல... அதப் பாக்காதீங்க... மேல பாருங்க, மழை வருதான்னு பாருங்க... அப்படித்தான்... மெதுவா நடங்கய்யா..."

அந்தக் குரல் தன்மேல் பட்டதும் கிராணி அப்படியே நின்றார். குடையை மடக்கினார். அண்ணாந்து வானத்தைப் பார்த்தார். மூக்குக்கண்ணாடியில் தூறல் விழ, குழந்தை மாதிரி நடந்தார். சார்ஜன் பின்னாலேயே போய், தான் முன்பு கடித்த இடத்தை முகர்ந்து பார்த்தான். ஒரு தும்மல் போட்டான். திரும்பி வந்து அவள் காலடியில் படுத்துவிட்டான்.

அத்தோடு முடிந்திருக்க வேண்டிய விஷயம். ஆனால் நான் ஒருத்தன் அங்கே இருந்தேனே. "சார்ஜா! டேய் என் சிங்கமே!" என்று மலை எதிரொலிக்கக் கத்திக்கொண்டு, பூட்ஸ் தடதடக்க ஓடி, கழுத்தைப் பிடித்துத் தூக்கினேன். கடித்துவிட்டான். முன்கையில், முறையாக, இரண்டு வரிசைப் பல்லும்.

கிராணிதான் முதலில் பேசினார். "கடிச்சிருச்சு சார்! ஒரு ஆளக் கடிச்சாலும்னு சொன்னீங்க சார்!" துரை துப்பாக்கியை எடுத்துவிட்டார். முகத்தில் சிரிப்பு இல்லை. சொன்ன சொல் அத்தனை பேர் முன்னால் சொன்னதாயிற்றே.

அவள் துரைக்கும் நாய்க்கும் நடுவில் போய் நின்றாள். அவள் மட்டும் இப்போது 'துரையண்ணே' என்று ஆரம்பித்தால் நாய் மட்டுமல்ல, அவள் வேலையும் வீடும் போய்விடும். அவள் துரையை நேராகப் பார்க்கவில்லை. கொஞ்சம் பக்கவாட்டில் நின்று எதிர்மலையைப் பார்த்தாள்.

"துரை... ஒன்னுமில்ல துரை... துப்பாக்கியக் கொஞ்சம் கீழ எறக்குங்க... அப்படித்தான்... யாரும் ஒன்னும் பண்ணிடல... இது என் நாய் துரை. யாரோ ஒரு ஆளு கத்திக்கிட்டு வந்து கழுத்தப் புடிச்சித் தூக்கினா, அது என்ன பண்ணும் பாவம்..."

துப்பாக்கி முனை மெல்ல இறங்கியது. துரை என்னைப் பார்த்தார். "இது உன் நாயா, இவங்க நாயா?"

என் கையிலிருந்து ரத்தம் பூட்ஸில் சொட்டிக்கொண்டிருந்தது. சார்ஜன் அவள் காலுக்குப் பின்னால் நடுங்கிக்கொண்டு நின்றான். நான் வாழ்க்கையில் எத்தனையோ பொய் சொல்லியிருக்கிறேன், பாதிக்கு மேல் சிரிப்பதற்காக. இப்படி ஒரு பொய் சொன்னதில்லை.

"இவங்க நாய் துரை" என்றேன். "எனக்கு நாய் கெடையாது."

துரைக்கு எல்லாம் தெரியும். நாற்காலிக் காலில் விழுந்தவனை மறப்பாரா? ஆனாலும் துப்பாக்கியை லேண்ட்ரோவருக்குள் வைத்தார். கிராணியைப் பார்த்து, "அடுத்தவங்க நாய் மேல போய் விழுந்தா, அது சலாம் போடுமா?" என்றார். என்னைப் பார்த்து, "இனிமே அடுத்தவங்க நாய்கிட்டப் போகாதே" என்றார். வண்டி கிளம்பியது.

சார்ஜனின் தட்டு அன்றே அடுத்த வீட்டுக்குப் போனது. இரண்டு வீட்டுக்கும் நடுவில் அதே பலகை. அந்தப் பக்கம் அவன் வாலால் தரையைத் தட்டுவது இந்தப் பக்கம் கேட்கும். ஒரு வாரம் கேட்டுக்கொண்டிருந்தேன். பிறகு முடியாமல் அவள் வாசலில் போய் நின்றேன்.

"தங்கச்சி, சும்மா பாத்துட்டுப் போறேன்."

"யார?"

"உன் நாய."

அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். 'அண்ணே' வரப்போகிறது என்று தோளைக் குறுக்கிக்கொண்டேன். வரவில்லை. "பூட்ஸக் கழட்டுங்க. அந்தா, கோழிக் கூண்டுகிட்ட உக்காருங்க. அதப் பாக்காதீங்க. வாயத் தொறக்காதீங்க. மலையப் பாருங்க" என்றாள்.

மலையைப் பார்த்தேன். பிறந்ததிலிருந்து இந்த மலையில் இருக்கிறேன், அதை உட்கார்ந்து பார்த்தது அப்போதுதான். தினமும் வேலை முடிந்து வந்து பார்த்தேன். எதிர்ச்சரிவில் எந்த மரம் எங்கே இருக்கிறது என்று இப்போதும் வரைந்து காட்டுவேன். முதலில் சார்ஜன் உள்ளேயே இருந்தான். பிறகு வாசற்படிக்கு வந்தான். என் நாக்கில் அருமையான ஜோக்குகள் எல்லாம் வந்து வந்து நின்றன, விழுங்கினேன். அவன் பாதி தூரம் வந்தான். திரும்பிப் போனான். அவள் படியில் உட்கார்ந்து நெத்திலி ஆய்ந்துகொண்டிருப்பாள்.

ஒரு சாயங்காலம் அவன் நேராக வந்தான். பக்கத்தில் மூச்சு கேட்டது. முன்கையில் தன் பல் பதிந்த தழும்பை முகர்ந்தான். பிறகு என் தொடைமேல் மோவாயை வைத்து, பெருமூச்சு விட்டுப் படுத்தான். கத்த வேண்டும் போல இருந்தது. கத்தவில்லை. கையைக்கூட அசைக்கவில்லை. மலை மட்டும் ஏனோ கலங்கலாகத் தெரிந்தது, பனி இறங்கியிருக்கும்.

அவள் சார்ஜனுக்கு ஒரு நெத்திலி எறிந்தாள்.

"சமத்தா இருந்தீங்கண்ணே..." என்றாள். தகரத்திலிருந்து சொட்டுகிற அந்தக் குரலில், என்னைப் பார்க்காமல். என் பக்கமும் ஒன்றை எறிந்தாள்.

பிடித்தேன். யோசிக்கவே இல்லை. வாயில் போட்டு மென்று விழுங்கிவிட்டேன்.

என் மனைவி பலகை இடுக்கு வழியாக இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தாள் என்பது எனக்குத் தெரியாது. மறுநாள் அவளும் ரிங்லெட் போய் ஒரு பொட்டலம் நெத்திலி வாங்கி வந்து இடுப்பில் செருகிக்கொண்டாள்.